காலத்தை வென்ற ஏடும் கரையான் தின்ற ஏடும்

வத்திராயிருப்புக்கு மேற்கே, தாணிப்பாறையில் தொடங்குகிறது சதுரகிரி மலைப் பாதை. ஆடி அமாவாசை வந்துவிட்டால் அந்தப் பாதையில் எறும்புச் சாரை போல ஜனங்கள் ஏறுவார்கள். கூலி விவசாயிகள், ராஜபாளையத்து ஆலைத் தொழிலாளிகள், சத்திரப்பட்டி பேண்டேஜ் தறிக்காரர்கள், தீப்பெட்டி ஆபீசுக்குப் போகும் பெண்கள். வருஷம் முழுவதும் உழைத்துச் சலித்தவர்கள், ஒரு நாள் மலைக்காற்றை வாங்கிக்கொண்டு, சுந்தர மகாலிங்கத்தையும் சந்தன மகாலிங்கத்தையும் கும்பிட்டுவிட்டு இறங்குகிறார்கள். இவர்களோடு நமக்கு எந்தச் சண்டையும் கிடையாது. மலை ஏறுகிறவனின் மூட்டையில் என்ன இருக்கிறது என்று சோதிப்பது நமது வேலையும் அல்ல.

நமது வழக்கு வேறு ஆசாமிகளோடு. "இந்த மலையில் சித்தர்கள் காலத்தைக் கட்டிப்போட்டு இன்னும் உலவுகிறார்கள், அந்த ரகசியம் ஓலைச் சுவடியில் எழுதிவைக்கப்பட்டிருக்கிறது, அந்தச் சுவடி எங்கள் பரம்பரையிடம் இருக்கிறது, உங்களுக்கு நடந்ததும் நடக்கப்போவதும் அதில் உண்டு, காண்டம் ஒன்றுக்கு இவ்வளவு ரூபாய்" என்று கடை விரிக்கிறார்களே, அவர்களோடுதான். முன்பு இது திண்ணை வியாபாரம். இப்போது கைபேசியில் நடக்கிறது. பக்கத்தில் இருக்கும் கூமாப்பட்டி 2025ல் ஒரு சின்னப் படத்துணுக்கால் ஒரே வாரத்தில் தமிழ்நாடு முழுவதும் பேர் வாங்கியதை நாம் பார்த்தோம். அது குளத்தையும் தண்ணீரையும் காட்டிய கள்ளமற்ற வேடிக்கை. அதே கைபேசியில் "காலத்தை நிறுத்தும் சித்தர் ஏடு", "வயதைத் திருப்பும் காயகல்ப ரகசியம்" என்று ஓடுகிற சரக்கு அப்படிப்பட்டதல்ல. அதன் கடைசியில் ஒரு கட்டணம் காத்திருக்கிறது.

காலத்தை மனிதன் தன் இஷ்டப்படி வளைக்கலாம் என்ற ஆசை புதிதல்ல. திருமூலர் மூவாயிரம் வருஷம் யோகத்தில் இருந்து, வருஷத்துக்கு ஒரு பாட்டாகப் பாடினார் என்று சேக்கிழார் 12ம் நூற்றாண்டில் எழுதிவைத்தார். சதுரகிரியில் காலாங்கிநாதரைப் பற்றியும் தைலக்கிணற்றைப் பற்றியும் கதைகள் உண்டு. நாற்பது வயதில் பல்லும் பார்வையும் போய், அறுபதில் கட்டையில் போகிற உழைப்பாளி, மூப்பில்லாத ஒருவனைக் கற்பனை செய்து பார்த்திருக்கிறான். அதில் தப்பென்ன? கதை கதையாக இருக்கிறவரை அது ஜனங்களின் சொத்து. கதைக்கு ரசீது போட ஆரம்பித்தால்தான் தகராறு.

நாடி ஜோதிடம் என்ற தொழிலை எடுத்துக்கொள்வோம். அதன் தலைமைக் கேந்திரம் வைத்தீஸ்வரன்கோவில். கிளைகள் இல்லாத ஊர் இன்று குறைவு. அகஸ்தியர் முதலான முனிவர்கள் ஆயிரக்கணக்கான வருஷங்களுக்கு முன்பே இன்னின்னார் இன்ன நாளில் வந்து கேட்பார்கள் என்று அறிந்து, அவரவர் வாழ்க்கையை ஓலையில் எழுதிவிட்டார்களாம். ஆணுக்கு வலது கட்டைவிரல் ரேகை, பெண்ணுக்கு இடது. ரேகையில் 108 வகை என்கிறார்கள். வகை தெரிந்ததும் உள்ளே போய்க் கட்டு எடுத்து வருகிறார் நாடி வாசிப்பவர்.

கொஞ்சம் கணக்குப் போடுவோம். நமது எதிரிகளுக்கு இது பிடிக்காது. ஆனால் கணக்கு வாத்தியாருக்குச் சித்தரென்றும் சாமானியனென்றும் பேதம் கிடையாது. 2011 ஜனத்தொகைக் கணக்குப்படி தமிழ்நாட்டு மக்கள் 7 கோடியே 21 லட்சம். ஆளுக்கு ஒரே ஒரு ஓலை என்று வைத்துக்கொண்டாலும், ஓலையின் கனம் அரை மில்லிமீட்டர் என்று கொண்டால், அடுக்கின் உயரம் 36 கிலோமீட்டர். எவரெஸ்ட் சிகரத்தின் உயரம் 8,849 மீட்டர். நான்கு எவரெஸ்டை ஒன்றன்மேல் ஒன்றாக நிறுத்தினாலும் இந்த அடுக்கு அதற்கு மேலே தலைகாட்டும். எந்த வீட்டுப் பரணில் இதை வைத்திருக்கிறார்கள்?

அது போகட்டும். 108 வகையாகப் பிரித்தால், வகைக்கு ஏறக்குறைய 6 லட்சத்து 67 ஆயிரம் ஓலை. விநாடிக்கு ஒரு ஓலை வீதம், சோறு தண்ணீர் தூக்கமில்லாமல் புரட்டினாலும் அந்த ஒரு வகையைப் பார்த்து முடிக்க ஏழேமுக்கால் நாள் ஆகும். நம் நாடிக்காரரோ அரை மணியில் எடுத்துவிடுகிறார்! "எல்லோருக்கும் ஏடு இல்லை, தேடி வருகிறவர்களுக்கு மட்டும்தான்" என்று இதற்கு ஒரு பதில் வைத்திருக்கிறார்கள். அப்படியானால் வருகிறவர்களில் கிட்டத்தட்ட ஒவ்வொருவருக்கும் ஏடு அகப்பட்டுவிடுகிறதே, அது எப்படி? விளம்பரத்தைப் பார்த்து வருவான், சிநேகிதன் சொல்லி வருவான், பஸ் தவறிப்போனதால் வந்தவனும் இருப்பான். இவனையெல்லாம் பொறுக்கியெடுத்து எழுதிய முனிவர், கடை வாடகையையும் எழுதியிருக்கக் கூடும்.

உண்மையில் நடப்பது என்ன? எதிரே உட்கார வைத்து ஒவ்வொரு ஓலையாக வாசிக்கிறார்கள். "தகப்பனார் பெயர் 'ரா'வில் தொடங்குமா?" இல்லை. "சரி, இது உங்கள் ஏடல்ல. அடுத்தது. கூடப்பிறந்தவர்கள் மூவரா?" இல்லை, இருவர். "அடுத்தது. தாயார் இருக்கிறாரா?" இருக்கிறார். இப்படி இருபது 'இல்லை', பத்து 'ஆமாம்' முடிவதற்குள் வந்தவனுடைய குடும்ப விவரம் பூராவும் அவன் வாயாலேயே வெளியே வந்துவிடுகிறது. பிறகு உள்ளே போய்த் தேடிவிட்டு வந்து, அவன் சொன்னதையே செய்யுள் நடையில் இழுத்து ராகமாகப் படிக்கிறார்கள். அவன் கண்ணில் நீர் முட்டுகிறது. அதற்கு மேல் சாந்தி காண்டம், தீட்சை காண்டம், பரிகாரம், பூஜைச் செலவு. பணம் கரைகிற இடம் அதுதான்.

இந்தக் கட்டைவிரல் விஷயத்தில் ஒன்று சொல்ல வேண்டும். ரேகையைச் சரியாக வகைப்படுத்தும் முறையை உருவாக்கியதில் நமது தேசத்தாருக்குப் பெரும் பங்கு உண்டு. 1897ல் கல்கத்தாவில் கைரேகை நிலையம் அமைந்தபோது, எட்வர்ட் ஹென்றி என்ற அதிகாரியின் பெயரில் வழங்கிய அந்த முறைக்குக் கணக்கு வேலை செய்தவர்கள் அஜீஸுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரு இந்தியர்கள். ரேகை ஆளை அடையாளம் காட்டும். அவன் மகளுக்கு எப்போது கல்யாணம் என்று காட்டாது. எழுதப் படிக்கத் தெரியாத நமது கிராமத்து ஏழையின் கட்டைவிரலை முதலில் பிடித்தவன் லேவாதேவிக்காரன். பத்திரத்தில் உருட்டி வைத்துக்கொண்டு நிலத்தை வாங்கினான். மீதியிருக்கும் சில்லறைக்காக அதே கட்டைவிரலை இரண்டாம் முறை மையில் தோய்க்கிறவர் இவர்.

ஓலை எத்தனை நாள் வாழும்?

"ஏடு இருக்கிறதே, கண்ணால் பார்த்தோமே!" என்பார்கள். பார்த்தது ஏடுதான். எந்தக் காலத்து ஏடு?

பனையோலையையும் தாளிப்பனை ஓலையையும் அளவாக நறுக்கி, வேகவைத்து, நிழலில் உலர்த்தி, தேய்த்து மழமழப்பாக்கி, எழுத்தாணியால் கீறி, கரியும் எண்ணெயும் பூசித் துடைப்பார்கள். கீறிய பள்ளத்தில் மட்டும் கறுப்பு தங்கி எழுத்துத் தெரியும். நல்ல வேலைப்பாடுதான். ஆனால் நமது நாட்டு வெக்கையிலும் ஈரத்திலும், கரையானுக்கும் இராமபாணப் பூச்சிக்கும் தப்பி ஓர் ஏடு இருநூறு முந்நூறு வருஷம் தாங்கினால் பெரிய காரியம். அதனால்தான் தலைமுறைக்குத் தலைமுறை உட்கார்ந்து பிரதி எடுத்தார்கள். சங்க நூல்கள் நம் கைக்கு வந்தது அப்படித்தான். அகஸ்தியர் கைப்பட எழுதிய ஓலை என்று ஒன்று இன்றைக்கு இருக்கவே முடியாது. "பிரதிதான்" என்று ஒப்புக்கொண்டாலோ, எப்போது, எதைப் பார்த்து, யார் பிரதி எடுத்தார் என்று சொல்ல வேண்டும். அதற்கு மட்டும் ஏட்டில் பதில் கிடையாது.

எழுத்தே சாட்சி சொல்லும். தமிழ்நாட்டில் மிகப் பழைய எழுத்தைப் பார்க்க வேண்டுமானால் மதுரைக்கு அருகே மாங்குளம் குகையில் பார்க்கலாம். அது தமிழி, இன்றைக்குப் பள்ளிக்கூடத்தில் படிப்பவன் ஒரு வரி வாசிக்க முடியாது. பழைய ஏடுகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி பெரும்பாலும் இராது. 'எ'கரத்துக்கும் 'ஏ'காரத்துக்கும் வேற்றுமை தெரியாது. இன்று நாம் எழுதுகிறபடி அவற்றைப் பிரித்துக் காட்டும் வழக்கத்தை ஏற்படுத்தியவர் 18ம் நூற்றாண்டில் வாழ்ந்த வீரமாமுனிவர். ஆகையால், மூவாயிரம் வருஷத்து முனிவர் 'ஏ'காரத்தைச் சுத்தமாகக் காலிழுத்து எழுதியிருந்தால், ஒன்று, அவர் வீரமாமுனிவரிடம் பாடம் கேட்டிருக்க வேண்டும். இல்லாவிட்டால் அவரை எழுதியவர் நமக்குப் பக்கத்துத் தெருக்காரராக இருக்க வேண்டும்.

சொல்லும் சாட்சி சொல்லும். மிளகாய் அமெரிக்கக் கண்டத்துச் செடி. புகையிலையும் அப்படியே. வாஸ்கோடகாமா கோழிக்கோட்டில் இறங்கியது 1498ல். அதற்குப் பிறகு போர்த்துக்கீசியர் கப்பலேறி வந்த சரக்குகள் இவை. மிளகாயையோ புகையிலையையோ பேசுகிற பாட்டு, யார் பேரில் வழங்கினாலும், ஐந்நூறு வருஷத்துக்கு மேற்பட்டதாக இருக்க முடியாது. சித்த மருத்துவத்தில் பறங்கிப்பட்டை என்று ஒரு மருந்து வழங்குகிறது. 'பறங்கி' என்ற பெயரே அது எந்தக் காலத்தில் புழக்கத்துக்கு வந்தது என்பதைச் சொல்லவில்லையா?

இதனால் சித்த மருத்துவத்தை நாம் இளக்காரம் செய்கிறோம் என்று யாரும் திரிக்க வேண்டாம். ஒரு கஷாயம் காய்ச்சலைத் தணித்தால், அது நானூறு வருஷத்து அனுபவமானாலும் நல்ல கஷாயம். நேற்றுக் கண்டுபிடித்ததானாலும் நல்ல கஷாயம். தணிக்காவிட்டால் நாலாயிரம் வருஷத்துப் பட்டயம் கட்டியிருந்தும் என்ன பிரயோஜனம்? மருந்துக்குச் சோதனை, நோயாளி எழுந்து நடப்பது. வைத்தியர்கள் பலர் தங்கள் அனுபவத்தை அகஸ்தியர் பேரிலும் போகர் பேரிலும் எழுதிவைத்தார்கள். அன்றைய வழக்கம் அது. அவர்களை மோசக்காரர்கள் என்று சொல்வது நியாயமல்ல. அந்தப் பேரைக் காட்டி இன்று காசு பறிப்பவன்தான் மோசக்காரன்.

ஒரு புராதன நூல் தயாராகிறது

பழமையான சுவடி எப்படி உற்பத்தியாகிறது என்பதற்கு முழு விவரமும் வெளிச்சத்துக்கு வந்த வழக்கு ஒன்று உண்டு. பேசுகிற விஷயம் விமானம். ஆனால் தயாரிக்கும் முறை ஒன்றே. ஆகையால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறோம்.

1952ல் மைசூரில் ஜி.ஆர். ஜோஸ்யர் என்பவர், பரத்வாஜ மகரிஷி அருளிய 'வைமானிக சாஸ்திரம்' என்ற நூல் தம்மிடம் இருப்பதாக அறிவித்தார். பறக்கும் விமானங்களைக் கட்டும் முறை அதில் உண்டு என்றார். நூல் எங்கிருந்து வந்தது? ஆனேக்கல்லில் வாழ்ந்த சுப்பராய சாஸ்திரி என்பவர் 1918 முதல் 1923 வரை வாயால் சொல்ல, வெங்கடாசல சர்மா என்பவர் எழுதிக்கொண்டார். எந்த ஓலையைப் பார்த்துச் சொன்னார்? எந்த ஓலையையும் அல்ல! ஞான திருஷ்டியில் கிடைத்ததாம். படங்கள்? எல்லப்பா என்ற வரைபடக்காரரைக் கொண்டு 1923ல் போட்டவை. 1959ல் இந்தியிலும் 1973ல் ஆங்கிலத்திலும் அச்சாகி, பல தேசங்களுக்குப் போயிற்று.

1974ல் பெங்களூர் இந்திய விஞ்ஞானக் கழகத்தைச் சேர்ந்த முகுந்தா, தேஷ்பாண்டே முதலிய ஐந்து பேர் உட்கார்ந்து அதை ஆராய்ந்தார்கள். கேலி செய்ய உட்காரவில்லை. சம்ஸ்கிருத நடையைப் பார்த்தார்கள். வேத கால மொழி அல்ல, பிற்கால எளிய நடை என்று கண்டார்கள். நூல் கைமாறிய வரலாற்றை விசாரித்தார்கள். 1904க்கு முன்பு இப்படி ஒன்று இருந்ததற்கு அடையாளமே இல்லை என்று கண்டார்கள். ருக்ம, சுந்தர, சகுன, திரிபுர என்ற நான்கு விமானங்களின் படங்களை இன்றைய விமான இயலின்படி கணக்கிட்டார்கள். எதுவும் தரையை விட்டு எழும்பாது என்று கண்டார்கள். ரைட் சகோதரர்கள் அமெரிக்காவில் பறந்தது 1903 டிசம்பர் 17ந் தேதி. மகரிஷியின் நூலுக்கு அதற்கு முந்திய தடயம் ஒன்றுகூட அகப்படாதது விசேஷம்தான்.

விஷயம் அதோடு முடிந்ததா? நாற்பது வருஷம் கழித்து, 2015 ஜனவரியில், பம்பாயில் கூடிய இந்திய விஞ்ஞான காங்கிரஸின் 102வது மாநாட்டிலே இதே சாஸ்திரத்தை ஆதாரமாக வைத்து ஒரு கட்டுரை படிக்க இடம் கொடுத்தார்கள். ஐந்து விஞ்ஞானிகள் கணக்குப் போட்டுக் குப்பையில் போட்ட சரக்கு, சர்க்கார் ஆசீர்வாதம் பெற்ற மேடையில் மறுபடியும் ஏறிற்று. பொய்க்குத்தான் உண்மையில் காயகல்பம் கிடைத்திருக்கிறது!

இங்கேதான் நாம் வாசகர்களின் கவனத்தைக் கேட்டுக்கொள்கிறோம். காலத்தைத் திருப்பும் வித்தை ஏட்டுக்கு உள்ளே இல்லை. ஏட்டைத் தயாரிக்கிறவன் கையில் இருக்கிறது. 1920ல் சொன்னதை 'கிறிஸ்துவுக்கு முன்' என்று தள்ளிவைக்கிறான். நேற்று வாங்கிய ஓலையில் நேற்றைய தமிழை எழுதி, அகஸ்தியர் காலத்துக்கு அனுப்பிவைக்கிறான். ஏன் இந்தச் சிரமம்? புதிதாக ஒருவன் வந்து "எனக்கு எல்லாம் தெரியும், காசு கொடு" என்றால் ஜனங்கள் நாலு கேள்வி கேட்பார்கள். மூவாயிரம் வருஷத்து முனிவரிடம் யார் குறுக்கு விசாரணை செய்வது? கேள்வியை அடைப்பதற்குத்தான் பழமை வேண்டியிருக்கிறது. ஜாதிக்கும் இதே பழமைதான் கேடயமாயிற்று. ஜமீன் பாத்தியதைக்கும் இதே பழமையைத்தான் காட்டினார்கள்.

ஆனால் சித்தர்கள் பேரில் வழங்கும் பாடல்களிலேயே வேறொரு குரல் இருக்கிறது. சிவவாக்கியர் ஜாதியைக் கேட்டார், கோயிலைக் கேட்டார், சாஸ்திரத்தைக் கேட்டார். கேள்வி கேட்டவரின் பேரைச் சொல்லிக் கேள்வி கேட்காதே என்கிறார்களே, இதைவிடப் பெரிய அவமதிப்பு அந்தச் சித்தர்களுக்கு வேறென்ன வேண்டும்?

பரிசோதனைக்கு வா என்றால் இவர்கள் வருவதில்லை. இலங்கையில் டாக்டர் கோவூர் 1963ல் ஒரு லட்ச ரூபாய் பந்தயம் அறிவித்தார். அற்புதம் செய்கிறேன் என்பவர் செய்து காட்டட்டும். ஜோதிடர்கள் பத்து ஜாதகத்தைப் பார்த்து இது ஆண், இது பெண், இவர் உயிரோடிருக்கிறார், இவர் செத்துப்போனார் என்று சொல்லட்டும் என்றார். 1978ல் அவர் காலமாகும் வரை அந்தப் பணத்தை எவரும் வாங்கவில்லை. மகாராஷ்டிரத்தில் வானியல் விஞ்ஞானி நார்லிகர் குழுவினர் 2008ல் 27 ஜோதிடர்களைக் கொண்டு ஒரு சோதனை நடத்தினார்கள். ஒவ்வொருவருக்கும் 40 ஜாதகம். கெட்டிக்காரப் பிள்ளை எது, மூளை வளர்ச்சி குன்றிய பிள்ளை எது என்று பிரித்துச் சொல்ல வேண்டும். சரியாகச் சொன்னது நூற்றுக்கு 46. காசைச் சுண்டிப் பூவா தலையா பார்த்திருந்தால் 50 கிடைத்திருக்கும்.

சதுரகிரியிலேயே நடந்ததைப் பாருங்கள். 2015 மே மாதம் காட்டாறு திடீரென்று பெருகி, மலையேறியவர்கள் சிலரை அடித்துக்கொண்டு போயிற்று. அவரவர் மரணத்தை நாள், நாழிகையோடு எழுதிவைத்திருப்பதாகச் சொல்லும் ஏடுகளில் ஒன்றுகூட அவர்களை முதல் நாள் எச்சரிக்கவில்லை. அதற்குப் பிறகு உயிர்களைக் காத்தது மழை பெய்யும்போது பாதையை அடைத்த வனத்துறைக் காவலர்கள்தான்.

மெய்யான ஏடுகளின் கதி

பொய்யேட்டுக்கு இத்தனை மரியாதை கிடைக்கிற நாட்டில், மெய்யான ஏடுகளின் கதி என்ன? நமக்கு எரிச்சல் மூட்டுவது இதுதான்.

ராஜபாளையத்துக்குத் தெற்கே, சங்கரன்கோவில் போகிற வழியில் கரிவலம்வந்தநல்லூர் இருக்கிறது. வரகுணராம பாண்டியர் காலத்துப் புத்தகசாலையின் ஏடுகள் அங்கே கோயிலில் இருந்ததாகக் கேள்விப்பட்டு உ.வே. சாமிநாதையர் ஆசையோடு போனார். ஏடுகள் இல்லை. பழுதான சுவடிகளை நெய்யில் தோய்த்து ஹோமத்தில் போட வேண்டும் என்று சாஸ்திரம் இருப்பதாகச் சொல்லி, நெருப்பில் போட்டுவிட்டார்களாம். என்னென்ன நூல்கள் அதில் போயின என்று இனி எந்த ஞான திருஷ்டியும் சொல்லப்போவதில்லை. இன்னும் எத்தனையோ ஊர்களில் பதினெட்டாம் பெருக்கன்று ஆற்றில் விட்டார்கள். மிச்சத்தைக் கரையான் பார்த்துக்கொண்டது. சி.வை. தாமோதரம் பிள்ளையும் சாமிநாதையரும் வீடு வீடாக ஏறி இறங்கி மீட்டதுதான் இன்று நாம் மார்தட்டும் இலக்கியம். அவர்கள் ஒருவரும் "எனக்குக் கனவில் வந்தது" என்று சொல்லவில்லை. பல பிரதிகளை ஒப்பிட்டு, பாடபேதம் குறித்து, எந்த ஏடு எங்கே கிடைத்தது என்று கணக்கு வைத்துப் பதிப்பித்தார்கள்.

நமது பழமை நமக்குப் பெருமைதான். அதை அளந்து சொல்கிற வழியும் இருக்கிறது. கீழடியில் மண்ணுக்கடியில் எடுத்த கரித்துண்டை அமெரிக்கப் பரிசோதனைச் சாலைக்கு அனுப்பி, கி.மு. 580 என்று முடிவு வந்து, 2019ல் தமிழக சர்க்கார் வெளியிட்டது. நமது விருதுநகர் ஜில்லா வெம்பக்கோட்டையிலும் 2022 முதல் தோண்டுகிறார்கள். அங்கே ஒவ்வொரு சில்லுக்கும் எந்தக் குழி, எத்தனை அடி ஆழம் என்று எழுதிவைக்கிறார்கள். தோண்டுகிற பெண்கள் நமது கிராமத்துக் கூலிக்காரப் பெண்கள். காலத்தை நிஜமாகவே பின்னோக்கிப் படிக்கிறவர்கள் அவர்கள்.

ஓலையையும் அப்படியே சோதிக்கலாம். செடி உயிரோடிருக்கும்போது காற்றிலிருந்து வாங்கும் கார்பன்-14, அது செத்த பின் 5,730 வருஷத்தில் பாதியாகக் குறைகிறது. ஓலையில் ஓர் எள்ளளவு கிள்ளினால் போதும்; டெல்லியிலும் ஆமதாபாத்திலும் கருவி இருக்கிறது. இரண்டாயிரம் வருஷத்து ஓலையையும் இருநூறு வருஷத்து ஓலையையும் அது பிரித்துக் காட்டிவிடும். இன்னொரு வேடிக்கையும் உண்டு. 1950களிலும் 60களின் தொடக்கத்திலும் வல்லரசுகள் ஆகாயத்தில் வெடித்த அணுகுண்டுகளால் காற்றில் கார்பன்-14 தாறுமாறாகக் கூடிற்று. 1963 ஒப்பந்தத்துக்குப் பிறகுதான் குறையத் தொடங்கியது. அந்த வருஷங்களிலும் அதற்குப் பின் பல பத்தாண்டுகளிலும் முளைத்த ஒவ்வொரு பனையோலையிலும் அணுகுண்டின் கையெழுத்து இருக்கிறது. அகஸ்தியர் ஏட்டில் அந்தக் கையெழுத்து இருந்தால் என்ன சொல்வார்களோ!

எல்லாம் சரி, ஜனங்கள் ஏன் போகிறார்கள்? முட்டாள்தனம் என்று சொல்லிவிட்டுப் போவது பட்டணத்துக் கனவான்களின் சோம்பேறித்தனம். 1930களில் 'குடி அரசு' ஏட்டில் விஞ்ஞானத்தையும் மூடநம்பிக்கையையும் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிய சிங்காரவேலர் அப்படிச் சொல்லிவிட்டுப் போகவில்லை. நாளைக்கு என்ன ஆகும் என்று தெரியாதவன்தான் நாளையைச் சொல்கிறேன் என்பவனிடம் போகிறான். பிளவக்கல்லில் தண்ணீர் எப்போது திறப்பார்கள் என்று தெரியாது. தேங்காய் விலை எப்போது விழும் என்று தெரியாது. ஆலையில் அடுத்த மாதம் வேலை இருக்குமா, அதுவும் தெரியாது. பிள்ளைக்கு வந்த காய்ச்சல் எந்த ஆஸ்பத்திரியில், எத்தனை ஆயிரத்தில் போய் முடியும்? இத்தனை 'தெரியாது'வைச் சுமக்கிறவன், ஒரு மணி நேரம் ஒருவர் எதிரே உட்கார்ந்து தன் பேரையும் தாய் பேரையும் மரியாதையாகச் சொன்னாலே நெகிழ்ந்துபோகிறான். அவன் துக்கத்தை வேறு எந்த ஆபீசில் அரை மணி கேட்டார்கள்?

அவனுடைய காலத்தை உண்மையாகவே பிடித்திழுக்கிறவர்கள் வேறே இருக்கிறார்கள். மார்க்ஸ் 1867ல் வெளியிட்ட 'மூலதன'த்தில் வேலை நாளைப் பற்றி ஒரு நீண்ட அத்தியாயம் எழுதினார். இங்கிலாந்து ஆலைகளில் சாப்பாட்டு வேளையில் ஐந்து நிமிஷம், தொடக்கத்தில் பத்து நிமிஷம் என்று முதலாளிகள் திருடியதைத் தொழிற்சாலை இன்ஸ்பெக்டர்களின் அறிக்கையிலிருந்தே எடுத்துக் காட்டினார். அது பழைய கதை என்பவர்களுக்கு 2023 ஏப்ரல் 21ந் தேதியை ஞாபகப்படுத்துகிறோம். அன்றைக்குத்தான் 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் தொழிற்சாலைத் திருத்த மசோதா தமிழ்நாடு சட்டமன்றத்தில் நிறைவேறியது. 1948ம் வருஷத்துச் சட்டம் நாளொன்றுக்கு 9 மணி என்று போட்ட எல்லையை 12க்குத் தள்ள ஒரு பிற்பகல் போதுமானதாக இருந்தது. எந்தச் சித்தர் இவ்வளவு சுலபமாகக் காலத்தை நீட்டினார்? தொழிற்சங்கங்கள் எழுந்தன, கூட்டணிக் கட்சிகளே எதிர்த்தன, மே தினத்தன்று முதலமைச்சர் மசோதாவை வாபஸ் பெறுவதாக அறிவித்தார். சிங்காரவேலர் 1923ல் சென்னைக் கடற்கரையில் முதல் மே தினக் கொடியை ஏற்றிய சரியாக நூறாவது வருஷம் அது. ராஜபாளையத்து ஆலைத் தொழிலாளிக்குத் தன் நாளில் மூன்று மணி நேரம் திரும்பக் கிடைத்தது. அதற்கு அவர் எந்தக் காண்டமும் வாசிக்கவில்லை.

நாம் கேட்பது சொற்பம். மந்திரத்தாலும் தாயத்தாலும் நோய் தீர்ப்பதாக விளம்பரம் செய்வதை 1954ம் வருஷத்துச் சட்டமே தடுக்கிறது. அந்தச் சட்டத்தைக் கைபேசியில் ஓடும் காயகல்ப விளம்பரங்கள் மீது சர்க்கார் பிரயோகிக்கட்டும். 1972ம் வருஷத்துப் புராதனப் பொருள் சட்டப்படி, 75 வருஷத்துக்குக் குறையாத பழமையும் சரித்திர அல்லது இலக்கிய மதிப்பும் உள்ள கையெழுத்துப் பிரதி தேசத்தின் புராதனப் பொருளாகக் கருதப்படும். மூவாயிரம் வருஷத்துச் சுவடி வைத்திருப்பதாக வாசலில் பலகை மாட்டியிருப்பவர்களை அதிகாரிகள் இதுவரை ஏன் போய்ப் பார்க்கவில்லை? பலகை உண்மையானால் பொக்கிஷம், பொய்யானால் மோசடி. இரண்டில் எதுவானாலும் போய்ப் பார்க்க வேண்டியதுதானே? 2025 பட்ஜெட்டில் ஒரு கோடிக்கு மேற்பட்ட சுவடிகளைக் கணக்கெடுப்பதாக மத்திய சர்க்கார் அறிவித்தது. கணக்கெடுக்க வருகிறவர்கள் மடங்களோடும் அரண்மனைகளோடும் நின்றுவிடாமல் வத்திராயிருப்புத் தெருக்களுக்கும் வரட்டும். வைத்தியர் வீட்டிலும், பழைய கணக்குப்பிள்ளை வீட்டிலும், கூத்து வாத்தியார் வீட்டிலும் பரணில் கிடப்பவையும் இருக்கும்: நிலக் கணக்கு, மாட்டு வைத்தியம், அல்லி அரசாணி மாலை, பேரில்லாத யாரோ ஒருவரின் கடன் பத்திரம். அப்படி ஓர் ஏடு உங்கள் வீட்டில் இருந்தால் ஆற்றில் விடாதீர்கள், நெய்யில் தோய்க்காதீர்கள். ஒரு துணியில் சுற்றி வசம்புத் துண்டு போட்டு வையுங்கள். சென்னையில் 1869ல் தொடங்கிய அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகம் இருக்கிறது, தஞ்சையில் சரஸ்வதி மகால் இருக்கிறது, அங்கே ஒரு கடிதம் போடுங்கள்.

நாடிக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. முழுக் கட்டு வேண்டாம். யாருக்கும் உபயோகப்படாத ஒரே ஓர் ஓலையின் ஓரத்தில் எள்ளளவு கிள்ளி, ஓர் உறையில் போட்டு அனுப்புங்கள். தபால் செலவை நாம் கொடுத்துவிடுகிறோம்.